எக்ஸ்ரே திரையில் ஒரு புள்

சாங்கி சரக்கு முனையம். அதிகாலை மூன்றே கால்.
சூரை மீன் பெட்டிகளுக்கும்
ஆர்க்கிட் கட்டுகளுக்கும் நடுவே
ஒரு மரப்பெட்டி.
ஏதோ ஒரு தீவிலிருந்து ஏதோ ஓர் ஆய்வகத்துக்கு,
இங்கே ஆறு மணி நேரம் தங்கல்.
தீவின் பெயர் மழையில் கரைந்திருந்தது.

உயிருள்ளதா? இல்லை.
கெட்டுப்போகும் பொருளா?
சுஹைமி சிரித்தார்:
"கெட வேண்டியதெல்லாம் கெட்டு
அறுநூறு வருசமாச்சு."
கல்லா, எலும்பா?
உள்ளிருந்த கடிதம் சொன்னது:
எலும்புதான்.
கல்லாகத் தொடங்கியிருக்கிறது,
இன்னும் ஆகி முடியவில்லை.
அதற்கொரு கட்டம் பாரத்தில் இல்லை.
திருமதி கோ 'இதர' என்று முத்திரை குத்தினார்.

திரையில் பார்த்தேன்.
இரவெல்லாம் நெஞ்செலும்பு பார்ப்பவள் நான்.
உறைந்த கோழி, வாத்து,
எல்லாவற்றுக்கும் நடுவில்
படகின் அடிமரம் போல ஒரு முகடு,
சிறகிழுக்கும் தசை பற்றிக்கொள்ள.
இதற்கு இல்லை.
சாப்பிட்டுக் கழுவி வைத்த தட்டு மாதிரி
தட்டை.

பறப்பதால் பறவை.
இதை என்னவென்று கூப்பிடுவது?
புள் என்றால் பொருந்தும்.
ஆனால் புள் என்றால் சகுனமும்தான்;
சரக்கை அப்படிப் பதிய முடியாது.

நரியில்லாத தீவாம், பூனையில்லாத தீவாம்.
சிறகை வீண் செலவென்று
கொஞ்சம் கொஞ்சமாகக் கைவிட்டிருக்கிறது.
வருடத்துக்கு ஒரு முட்டை, வெறுந்தரையில்.
பிறகு படகு வந்தது.
ஓடியிருக்காது.
கழுத்தைச் சாய்த்துக் கிட்டே போய்ப் பார்த்திருக்கும்.
பிடிபட்டவற்றில் ஓர் எலும்பும் மிஞ்சவில்லை.
எப்போதோ
சுண்ணாம்புக் குழியில் தவறி விழுந்தது
இதோ மிஞ்சியிருக்கிறது.

"இன்னிக்குத்தான் முதல்முறை பறக்குது, பாரேன்."
யாராவது இதைச் சொல்வார்கள் என்று தெரியும்.
பெட்டி போவதற்குப் பெயர் பறத்தல் இல்லை.
வாயைத் திறக்கவில்லை நான்;
தே தாரேக் அவர் வாங்கித் தந்தது.

எடை: நாலு கிலோ இருநூறு.
மூன்று கிலோ மரம்.
மிச்சத்தில் பாதி பஞ்சு.

ஆறு மணிக்கு வேலை முடிந்து வெளியே வந்தேன்.
விடிய இன்னும் நேரமிருந்தது.
கடலில் மண் கொட்டி எழுப்பிய தரை,
அதில் புல்,
புல்லில் ஒரு மைனா
கம்பத்து விளக்கைப் பகலென்று நம்பி
இரை பொறுக்கிக்கொண்டிருந்தது.
தலைக்கு மேல் விமானம் இரைந்து ஏறியது.
மைனா பறக்கவில்லை.
கொஞ்சம் தள்ளி நடந்தது.