இடது கவுள்

இருபத்திரண்டு வருஷ ரைட்டர் வேலையில்
கன்னம் என்றால் எனக்கு முதலில் சுவர்தான் ஞாபகம் வரும்.
கன்னம் வைத்து உள்ளே புகுந்தவன்,
கன்னக்கோல், ஒன்றரை அடி, துருப்பிடித்தது,
சொத்துப் பட்டியலில் மூன்றாவது.

ஆகவே லீலாமணி மேஜைக்கு எதிரே நின்று
துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு சொன்னதை
'இடது கன்னத்தில் கையால் அறைந்தார்'
என்று எழுதியபோது எனக்கு உறுத்தவில்லை.
தக்காளிச் சீசன். வேலந்தாவளம் ரோட்டில்
லாரிகள் ஹாரனை விட்டுக் கையெடுக்கவில்லை.
எடை பதினோரு கிலோ குறைகிறதே என்று கேட்டிருக்கிறாள்.
எடைமேடை சிவானந்தன் அறைந்திருக்கிறான்.
அவ்வளவுதான் கேஸ்.

வாசித்துக் காட்டினேன்.
கையெழுத்துப் போட மாட்டேன் என்றாள்.
'கன்னம் இல்ல சாரே. கவிள்.'
ரெண்டும் ஒண்ணுதாம்மா.
இல்லை.
எலும்பின் மேலே, பவுடர் பூசும் இடத்தைத் தொட்டாள்: கன்னம்.
பிறகு விரலை வாய்க்குள் விட்டு
உள்ளிருந்து தள்ளிக் காட்டினாள்.
கூடாரத்துக்குள் ஆள் எழுந்து நிற்பதுபோல்
விரல்முனை வெளியே முட்டியது:
கவிள்.

சித்தூர் ஆஸ்பத்திரிச் சீட்டை அப்போதுதான் ஒழுங்காகப் படித்தேன்.
புறக்காயம் ஏதுமில்லை.
உட்புறம் கிழிசல், இரண்டு சென்டிமீட்டர், தையல் நான்கு.
கடைவாய்ப் பல் ஒன்று ஆட்டம்.
நான் எழுதிய வரியை வைத்துக்கொண்டு
எந்த வக்கீலும் கேட்பான்:
கன்னத்தில் காயம் எங்கே?

கன்னத்தை நானும் ஓர் அடி அடித்தேன்,
பேனாவால், குறுக்கே.
மேலே எழுதப்போய் நிறுத்தினேன்.
கவிள் என்றால் மலையாளம் என்று திருப்பி அனுப்புவார்கள்.
கவுள் என்றால் நம்முடையது, ரொம்பப் பழசு.
மேல்விலங்கைக் கழற்றிக் கீழ்விலங்கு பூட்டினேன்.
போலீஸ்காரனுக்குப் பழகிய வேலை.
ஓரத்தில் சுருக்கொப்பம்.

மதுக்கரை கோர்ட்டில் வக்கீல் எழுந்தார்:
'கவுள் யானைக்குரிய உறுப்பு, ஐயா.
மதநீர் வழிகிற இடம்.
என் கட்சிக்காரர் யானையை அடித்ததாகப் புகாரே இல்லை.'
சிரிப்பு. மாஜிஸ்திரேட் பேனா மூடியைக் கடித்துக்கொண்டார்.
அகராதி வரவழைத்தார்கள். பெஞ்ச் கிளார்க் படித்தார்:
கன்னம். யானையின் கன்னம். பக்கம்.
யார் பக்கம் என்று அதில் போடவில்லை.

கூண்டில் நின்றவள் தண்ணீர் கேட்டாள்.
'ஒரு கவிள் வெள்ளம்.'
புரியாதவர் என்று அங்கே யாரையும் சொல்ல முடியாது,
பாதிப் பேர் பெண் எடுத்ததே அந்தப் பக்கம்.
அங்கே அது இடம் மட்டுமில்லை, அளவும்.
படி, உழக்கு, கவிள்.
வெள்ளம்தான் விவகாரம்.
இந்தப் பக்கம் ஊரையே அடித்துக்கொண்டு போகும்,
அந்தப் பக்கம் தம்ளரில் அடங்கி நிற்கும்.

தம்ளர் வந்தது.
உடனே விழுங்கவில்லை அவள்.
இடது பக்கம் ஒதுக்கி வைத்துக்கொண்டாள்.
தோல் உப்பியது. தையல் இருந்த இடத்தில்
கொஞ்சம் உள்வாங்கி, ஒரு பள்ளம்.
வக்கீல் உட்பட எல்லோரும் அங்கேயே பார்த்தோம்.
உதட்டோரம் ஒரு சொட்டு இறங்கியது.
பிறகு விழுங்கினாள்.

கேஸ் சமாதானத்தில் முடிந்தது.
பல்லுக்குச் செலவு கொடுத்தான்.
எடைமேடைக்குப் புது முத்திரை போட்டார்கள்,
அது எத்தனை நாளைக்கு என்று தெரியாது.
கட்டு இப்போது பரணில். உள்ளே அடித்தலுக்கு மேலே
என் கையெழுத்தில் அந்தச் சொல், கொஞ்சம் சாய்ந்து.

காலையில் பல் தேய்த்துவிட்டு
வாய் கொப்பளிக்கும்போது எண்ணுகிறேன்.
மூன்று கவிள். சில நாள் நாலு.
துப்பாம என்ன நிக்கிறீங்க, என்கிறாள் வீட்டில்.
பதில் சொல்ல முடியவில்லை,
வாய் நிறைய இருக்கிறது.