பதினோரு வினாடி மரங்கள்

நவம்பர் ஏழாம் தேதி
கணவாய்ச் சாலையின் தடுப்புக்கட்டையை இறக்கிப்
பூட்டியவள் நான்தான்.
சாவி என் மேல்கோட்டுப் பையில் இருக்கிறது.
மே கடைசிவரை அந்தப் பக்கம்
காற்றுக்கும் நரிக்கும் மட்டும் அனுமதி.

இரவு பத்தரை.
பனிவாரி வண்டியைக் கொட்டகையில் விட்டு
பூட்ஸை ஹீட்டர்மேல் கவிழ்த்து
சமையலறை மேசையில் முடுக்கியிருக்கும்
பழைய ஸ்டியரிங் முன் உட்காருகிறேன்.
திரையில் ஜூலை.
அங்கே எப்போதும் ஜூலை.

இருபத்திரண்டு டன் பாலாடைக்கட்டி
விடிவதற்குள் இன்ஸ்ப்ரூக் போக வேண்டும்.
குர்டின் சோபாவிலிருந்து கேட்கிறான்:
"பேக்கரிக்காரன் தூக்கத்திலும் மாவு பிசைவானா?"
மூன்றாவது கியர்.

முதல் கொண்டை ஊசி வளைவு. அடுத்தது. அதற்கடுத்தது.
ஏரி கீழே இறங்கிக்கொண்டே போகிறது,
நீலத் தட்டொன்றை யாரோ
மேசைக்கடியில் மெல்ல ஒளிப்பதுபோல.

இதை வரைந்தவர்கள் வந்து பார்த்திருக்கிறார்கள்.
ஆறாவது வளைவின் கருங்கல் சுவர் சரி.
மழைநீர்க் குழாயின் துரு, அதுவும் சரி.
ஒன்பதாவதில் மட்டும்
இரும்புத் தடுப்பு நேராக நிற்கிறது.
போன வசந்தத்தில் வழி திறக்கும்போது
என் வண்டியின் அலகு பட்டு வளைந்தது அது.
அறிக்கையில் "பாறை விழுந்தது" என்று எழுதினேன்.
இங்கே பாறையும் விழவில்லை, நானும் வரவில்லை.
அதை ஒட்டி மெதுவாகப் போகிறேன்.
பின்னால் ஆளில்லாத கார் ஒன்று ஹாரன் அடிக்கிறது.

பத்தொன்பது கிலோமீட்டரை ஒன்றாக மடித்ததில்
எங்கள் ஊர் மடிப்புக்குள் போய்விட்டது.
சர்ச் இல்லை. தபால் பஸ் நிற்குமிடம் இல்லை.
பார்ப்லாவின் பெட்ரோல் பங்க் இல்லை,
அவளுக்கு நான் வைத்திருக்கும் பாக்கியும் இல்லை.
பாலத்துக்கும் சுரங்கத்துக்கும் நடுவே
பதினோரு வினாடி மரங்கள்.
ஒரே மரம், திரும்பத் திரும்ப நட்டது.
அதில் ஏதோ ஒன்றின் அடியில்தான்
நானும் குர்டினும் இந்த மேசையும் இருக்க வேண்டும்.

உச்சியில் ஓரங்கட்டி இன்ஜினை அணைக்கிறேன்.
மாட்டு மணி கேட்கிறது.
மாடு எங்கும் இல்லை.

அப்போது போன்.
தடுப்புக்கட்டை முன்னால் லாரி நிற்கிறதாம்,
லிதுவேனியா நம்பர்.

ஈர பூட்ஸ். டார்ச். மைனஸ் பதினாலு.
வைடோட்டஸ் என்று பெயர் சொன்னான்.
செல்போனை என் முகத்துக்கு நேரே நீட்டினான்.
அதில் சாலை பச்சையாக, வளைந்து வளைந்து,
எனக்கு மனப்பாடமான அத்தனை வளைவோடும்.
தலையை ஆட்டினேன்.
எண்ணூறு மீட்டர் பின்னோக்கியே இறக்கினோம்,
நான் கையசைக்க, அவன் கண்ணாடியில் பார்க்க.
கீழே வந்ததும் இருட்டை அண்ணாந்து கேட்டான்:
"மேலே என்ன இருக்கிறது?"
சற்று முன்புதான் அங்கே இருந்தேன்
என்று சொல்ல முடியுமா?
"ஏரி. மாடு. ஒன்பதாவது வளைவில் பார்த்துப் போ" என்றேன்.

திரும்பியபோது மணி மூன்று.
ஆட்டத்தை நிறுத்திவைக்க மறந்திருக்கிறேன்.
குர்டின் தூங்கிவிட்டான்.
மணி இன்னும் அடித்துக்கொண்டிருக்கிறது.
திரையில், சரக்கு தாமதம், அபராதம்,
கீழே ஒரே ஒரு பொத்தான்:
ஒப்புக்கொள்கிறேன்.

கையுறையைக் கழற்றாமலே
அழுத்தினேன்.