கெய்ஸ்காமா ஆறு, 1847

லெப்டினன்ட் டன்வுடியின் நாட்குறிப்பில்
அன்றைக்கு இவ்வளவுதான்:
"மழை. ஆற்றைக் கடந்தோம். மாடுகள் 412.
இடது பூட்ஸ் கடிக்கிறது."

நோலென்டி சொன்னதை
மிஷன் குமாஸ்தா எழுதிவைத்தது
பதினொரு வருடம் கழித்து.
பட்டிக்கு அடியில் சோளக்குழி இருப்பதைக்
குதிரைக் குளம்புகள்தான் காட்டிக்கொடுத்தன;
அந்த இடத்தில் மட்டும்
மண் பொள்ளென்று ஒலித்ததாம்.
பிறகு தீ.
மூன்று நாள் புதருக்குள் கிடந்தோம்.
சோளம் பொரியும் வாசனை வந்தது,
எங்களுக்கு வாயூறியது,
அதற்குத்தான் இன்னும் கூசுகிறது என்றாள்.

இந்தக் கடைசி வரியைக் குமாஸ்தா அடித்திருக்கிறார்.
கோட்டுக்கடியில் படிக்க முடிகிறது.

நானூற்றுப் பன்னிரண்டில் அவளுடையவை ஆறு.
வெள்ளைக்காது மாட்டின் பெயரை மட்டும் சொன்னாள்,
நாக்கைச் சொடுக்கிக் கூப்பிடும் பெயர்.
எப்படி எழுதுவதென்று தெரியாமல்
குமாஸ்தா
ஒரு விரற்கடை இடம் விட்டிருக்கிறார்.