பனி கொட்டிய கூலி

ஊராட்சிப் பெட்டகத்தில், எலி கடித்த கணக்குப் புத்தகம்.
ஆயிரத்து எண்ணூற்று எழுபத்தொன்று, பிப்ரவரி:
'பாலத்துக்குள் பனி கொட்டியதற்கு
எல்கானா பிரவுட்டிக்கு
ஒரு டாலர் இருபது சென்ட்.'

கைப்பிழை என்று நினைத்தேன்.
பனியை வெளியே அள்ளத்தானே கூலி?
அடுத்த ஆண்டும் அதே வரி,
பத்து சென்ட் கூட.

பிறகு உறைத்தது.
வெர்மாண்டின் குளிர்காலத்தில்
சக்கரம் பரணுக்குப் போய்விடும், சறுக்குவண்டி இறங்கும்.
கூரைக்கடியில் பலகை உலர்ந்து கிடக்கும்.
இரும்புக்கால் அதில் கடித்து நிற்கும்,
குதிரை முரண்டு பிடிக்கும்.
ஆகவே
பனி படாமலிருக்கக் கூரை போட்டவர்களே
பனி போட ஆள் வைத்தார்கள்.

அந்தக் கூரை உத்திரங்கள் பிடித்த குடை.
மழைக்கு ஒதுங்கியவர்கள், இருட்டில் முத்தமிட்டவர்கள்,
சர்க்கஸ் சுவரொட்டியோடு பசை வாளி தூக்கி வந்தவன்
எல்லோரும் அதில் ஓசியில் நின்றவர்கள்.
நனைந்த மரத்துக்குப் பத்துப் பதினைந்து ஆண்டு.
நனையாத மரத்துக்கு எவ்வளவு என்று
இன்னும் எண்ணிக்கொண்டிருக்கிறோம்.

ஒரு நவம்பர் வெள்ளத்தில்
கருங்கல் ஏற்றிய இரண்டு வண்டிகளை நடுவில் நிறுத்தி
கரையோர எல்ம் மரத்தோடு பாலத்தைக் கட்டினார்கள்.
சங்கிலி அறுந்தது. பாலம் நின்றது.
அறுந்த சங்கிலிக்கு விலை கேட்டு
விண்ட்ரப் குடும்பம் எழுதிய கடிதங்கள் பதினொன்று.
பதில்கள் எதுவும் கிடைக்கவில்லை.

போன அக்டோபருக்கு முந்தைய அக்டோபரில்
கைப்பேசி சொன்ன வழியை நம்பி
ஒரு மெத்தை லாரி
பதினோரு அடிக்குள் பன்னிரண்டு அடியாக நுழைந்தது.
ஓட்டுநருக்குக் கீறல்கூட இல்லை.
குறுக்குச்சட்டங்கள் நான்கு,
கூரையில் பாதி,
ஆற்றில் மிதந்த மெத்தைகள், அவற்றின் மேல் வாத்துகள்.

மார்ச் மாத ஊர்க்கூட்டம். மடக்கு நாற்காலி, ஆறிய காப்பி.
"கான்கிரீட் போடுங்கள்" என்றாள் ஆர்டிஸ் கோல்பர்ன்.
நூற்றுநாற்பது மாடு அவளுக்கு.
பால் லாரியைத் தாங்காத பாலத்தால்
தினமும் பதினோரு மைல் சுற்று.
"அழகுக்கு டீசல் ஊற்றுவது நான்" என்றாள்.
யாரும் மறுக்கவில்லை; மறுக்க ஏதுமில்லை.
அடியில் எஃகை ஒளித்துவைக்கலாம் என்றார் பொறியாளர்,
பாலம் தன்னைத் தானே சுமந்தால் போதும், அவ்வளவுதான்.
தச்சர் லோரன் ஃபிஃபீல்ட் எழுந்தார்:
"சுமக்காத மரத்தை நான் தொடமாட்டேன்."
உட்கார்ந்துவிட்டார்.

ஐம்பத்தெட்டுக் கை ஒரு பக்கம்,
ஐம்பத்தேழு மறுபக்கம்.
எண்ணியது நான்.
என் கையையும் சேர்த்து எண்ணினேன்,
எந்தப் பக்கம் என்று சொல்வதாயில்லை.

வரி உயர்ந்தது. ஸ்ப்ரூஸ் மரம் வந்தது, ஓக் ஆணி வந்தது.
பால் லாரி இன்றைக்கும் சுற்றித்தான் போகிறது.

இந்தப் பிப்ரவரியில் திறப்பு விழா.
எங்கிருந்தோ ஒரு சறுக்குவண்டி, இரண்டு குதிரைகள்,
பித்தளை வாத்தியங்களோடு பள்ளிப்பிள்ளைகள்.
வாசலில் வண்டி நின்றது.
உலர்ந்த பலகை.
குதிரைகள் எங்களைத் திரும்பிப் பார்த்தன.

அப்போதுதான் மேட்டில் டிராக்டர் சத்தம்.
முன்வாளி நிறையப் பனி.
இறங்காமல், யாரையும் பார்க்காமல்
ஆர்டிஸ் கோல்பர்ன் கொட்டினாள், பின்வாங்கினாள்,
மறுபடி அள்ளி வந்தாள்.
ஏழு தடவை.

திங்கட்கிழமை அவள் பில் வந்தது:
பனி கொட்டியதற்கு ஒரு டாலர் இருபது சென்ட்.
டீசல் தனி.

தீர்மானம் இல்லாமல் நான் கொடுத்த ஒரே காசு.
தணிக்கையாளர் கேட்டால்
பழைய புத்தகத்தைக் காட்டுவேன்.