ஒரு மழைக்குச் சில்லறை

எங்கள் நாட்டின் தலைநகரம்
எங்கள் நாட்டுக்குள் இல்லை.
சொன்னால் சிரிப்பார்கள்.
எல்லைக்குத் தெற்கே, அடுத்தவன் மண்ணில்,
மாஃபெகிங் ஊரில்,
வேலியடைத்த ஒரு வளாகத்திலிருந்து
எழுபது வருஷம் எங்களை ஆண்டார்கள்.
கிணறு வெட்ட மனு தெற்கே போகும்.
முத்திரை விழுந்து திரும்பி வருவதற்குள்
மாடு செத்திருக்கும்.

நான் அங்கே கோப்பு கட்டுகிறவள்.
பெயர் கொய்ட்செமாங்.
'யாருக்குத் தெரியும்' என்று அர்த்தம்.
ஆறாவதும் பெண் என்றதும்
அப்பா வாயிலிருந்து வந்த சொல்லாம்.
பதிவேட்டில் அப்படியே ஏறிவிட்டது.

அறுபத்தைந்து ஜனவரியில்
பெம்பர்ட்டன் துரை கூப்பிட்டார்.
"எல்லாவற்றையும் கட்டு. வடக்கே போகிறோம்."
வடக்கே எங்கே?
"கபரோனெ."
ஒரு ரயில் நிலையம், ஒரு ஓட்டல்,
மிச்சமெல்லாம் முள்மரம்.
அங்கேதான் தலைநகரம் எழும்புகிறதாம்.
சிமெண்ட் இன்னும் காயவில்லையாம்.

பதினேழு நாள் கட்டினேன்.
சணல் கயிறு விரலை அறுத்தது.
குடிசை வரி. தோல் ஏற்றுமதி.
கோமாரி கண்ட மந்தைகளின் கணக்கு.
பிறகு, ஜோகன்னஸ்பர்க் சுரங்கத்துக்கு
ஆள் அனுப்பிய பட்டியல்.
ஒரு தாளில் மூன்று பெயருக்கு எதிரே
சிவப்பு மையில் 'திரும்பவில்லை'.
மூன்றாவது பெயர் என் புருஷனுடையது.

ஒடெங்.
எங்கள் மொழியில் 'இருக்கிறான்'.
இருக்கிறான்: திரும்பவில்லை.
எட்டு வருஷமாய் எனக்கு யாரும் சொல்லாததை
நான் தினமும் தூசி தட்டிய அலமாரி
தெரிந்து வைத்திருந்தது.

உருவி எடுத்திருக்கலாம்.
அறையில் யாரும் இல்லை.
மேலே இருந்த இரண்டு பெயரையும்
இன்னொரு தடவை படித்தேன்.
அவர்களுக்கும் ஒருத்தி இருப்பாள்.
கட்டை இறுக்கி முடிச்சுப் போட்டு
சாக்பீசால் 'வடக்கு' என்று எழுதினேன்.

சரக்குப் பெட்டியில்
கோப்புகளோடு கோப்பாக நானும் போனேன்.
எல்லை வந்தபோது ரயில் மெதுவாகக்கூட ஆகவில்லை.
லொபாட்சேயில் கசாப்புக்கூடத்து வாடை வந்ததும்
யாரோ சொன்னார்கள், உள்ளே வந்துவிட்டோம்.

அடுத்த வருஷம் செப்டம்பர் கடைசி இரவு.
வானம் பொய்த்து ஐந்தாவது வருஷம்.
மைதானத்தில் புழுதிக் காற்று,
பல்லில் மணல்.
பழைய கொடி இறங்க மனமில்லாமல்
கம்பத்தைச் சுற்றிக்கொண்டது;
ஒரு போலீஸ்காரன் எம்பி எம்பிப் பிரித்தான்.
புதியது ஏறியது. நீலம்.
நீலம் தண்ணீருக்காம்.

மற்ற நாடுகளில் 'வாழ்க' என்பார்களாம்.
நாங்கள் 'பூலா' என்போம்.
பூலா என்றால் மழை.
எலும்பு துருத்திய மாடுகளை
வழியெல்லாம் விட்டுவிட்டு வந்த ஜனம்
நள்ளிரவில் மேலே பார்த்துக் கத்தியது:
மழை! மழை! மழை!
ஒரு சொட்டு விழவில்லை.
நானும் தொண்டை கட்டும்வரை கத்தினேன்.

பத்து வருஷம் கழித்துச் சொந்தப் பணம் அச்சடித்தார்கள்.
நோட்டுக்குப் பெயர் மழை.
காசுக்குப் பெயர் கேடயம்.
நூறு கேடயம் ஒரு மழை.
சோள மாவு மூட்டைக்கு இத்தனை மழை என்று
கடைக்காரன் முகம் மாறாமல் சொல்கிறான்.
சிரிப்பு எனக்குத்தான் வருகிறது.

கையில் ஒரே ஒரு மழையோடு
ஆவணக் காப்பகத்துக்குப் போனேன்.
நகல் ஒன்றுக்கு ஐம்பது கேடயம்.
கண்ணாடிக்குப் பின்னால் புதுச் சட்டைக்காரப் பையன்.
"யாருடைய நகல்?"
ஒடெங்குடையது.
"கேட்பது யார்?"
கொய்ட்செமாங்.
எழுதிக்கொண்டே போனவன்
பாதியில் பேனாவை நிறுத்தி
என்னை ஒருமுறை பார்த்தான்.

சில்லறையை எண்ணி வைத்தான்.
உள்ளே போய்க் கட்டைக் கொண்டுவந்தான்.
சாக்பீஸ் எழுத்தில் 'வ' மட்டும் மிச்சம்.
முடிச்சு அப்படியே இருந்தது.
பதினோரு வருஷம் ஒருவரும் தொடவில்லை.
அவன் கத்தரிக்கோல் தேடினான்.

வெட்டாதே, என்றேன்.
இப்படிக் கொடு.