அடுத்த உயிர்

புடவைக் கடையின் மேல்மாடியில்
சாமான் அறை.
மின்விசிறி கீழே, வாங்க வருகிறவர்களுக்கு.
எங்களுக்கு ஒரு ஜன்னல்.
அதில் கடல் தெரியாது,
மத்திய வீதியின் தகரங்கள் தெரியும்.

சோற்றுப் பார்சலைத் தாளோடு மடக்கிவிட்டு
ரிஸ்மியா என் போனைக் கேட்டாள்.
'ரூட் பண்ணினதா?'
இல்லை.
பண்ணவும் ஏலாது.
இருபத்து நான்கு தவணை,
ஏழுதான் முடிந்திருக்கிறது.
இதற்கு நிர்வாகி நானில்லை,
உள்துறைமுக வீதியில் ஏசி போட்ட
ஒரு லீசிங் கொம்பனி.
ஐந்தாம் திகதி தவறினால்
அவர்கள் அங்கிருந்தே பூட்டுவார்கள்.

'அப்ப வேரத் தொட வேணாம்,
இலையில செய்வம்' என்றாள்.
கிண்ணியாவிலிருந்து பஸ்சில் வரும்போது
இதைத்தான் படித்துக்கொண்டு வருவாளாம்.

போனுக்குள் இன்னொரு போன் வைத்தாள்.
அதற்குள் என் கேக் கடை விளையாட்டு
தான் வாடகைக்கு இருப்பது தெரியாமல்
கதவைத் திறந்து மணியடித்தது.

காசு 212.
212ஐத் தேடினோம்.
நாலாயிரத்துச் சொச்சம் இடங்களில் இருந்தது.
ஒரு பெட்டி முட்டை வாங்கினேன்.
197. முப்பத்தொரு இடம்.
சீனி வாங்கினேன்.
184.
ஒன்றே ஒன்று.
மூட்டைக்குள் சாயம்போன சாறியை
பார்க்காமலே இழுத்தெடுக்கும் விரல்களால்
அதைத் தொட்டு
ஒன்பதுகளாக அடித்தாள்.

ஒரு மூச்சு விடும் நேரம்
நான் பணக்காரி.
பிறகு மேலே ஒரு சின்னச் சக்கரம் சுற்றியது.
காசு 184.

'காசு போன்ல இல்ல புள்ள,
அவங்கட சர்வர்ல ஈக்கு.
உசிர் மட்டுந்தான் இங்க.'

ஐந்து உயிர்.
கேக் கருகினால் ஒன்று போகும்.
போனது திரும்ப அரை மணித்தியாலம்.
அந்த அரை மணித்தியாலத்தை எண்ணுவது
என்னுடைய போனின் மணிக்கூடு.
நெட்டை நிறுத்து, நேரத்தைத் தள்ளு,
அதற்கு எவருடைய அனுமதியும் தேவையில்லை.

அவள் பில் போடக் கீழே போனாள்.
நான் தள்ளினேன்.
அரை மணித்தியாலம் போதும்தான்.
விரலுக்கு ருசி ஏறிவிட்டது.
பத்தாம் திகதியிலிருந்து
வாற மாதம் ஆறாம் திகதிக்கு,
நடுவில் சம்பளமில்லை, பஸ்சில்லை,
வயிற்று வலியில்லை.
ஐந்து உயிரும் சிவந்து நிறைந்தன.
நாலை ஆசைதீரக் கருக்கினேன்.
ஐந்தாவது கேக் அடுப்பில் இருக்க
திரை வெள்ளையாயிற்று.

'தவணை தாமதம். ரூபா 4,850.
இச்சாதனம் பூட்டப்பட்டுள்ளது.'

இன்னும் விடியாத ஐந்தாம் திகதிக்கு
நான் இப்போதே கடன்காரி.

முதலாளியிடம் பல்வலி என்றேன்.
திருகோணமலைக் கிளை, டோக்கன் 38.
வாசலில் ஒரு மான்
யாரோ போட்ட டோக்கனை மென்றுகொண்டு நின்றது.
துவாரகன் என்று சட்டையில் பெயர் குத்திய பெடியன்
போனை நெட்டில் கொழுவினான்.
'திகதி மாறிக் கிடக்கு. என்ன செய்தனீங்கள்?'
'தங்கச்சியின்ட பிள்ளை நோண்டினது.'
எனக்குத் தங்கச்சி இல்லை.
திரையைப் பார்த்தான், என்னைப் பார்த்தான்.
குரலை இறக்கி
'எந்தக் கேம்?'
சொன்னேன்.
'நாப்பத்திரண்டாம் லெவல் சரியான கரைச்சல்'
என்று சொல்லிக்கொண்டே
ஒரு படிவத்தைத் தள்ளினான்.
கையெழுத்து வைத்தேன்.

அலஸ்தோட்டம் போகும் பஸ்சில்
நின்றபடி திறந்தேன்.
கேக் கடை இருண்டிருந்தது.
உயிர் பூச்சியம்.
அடுத்த உயிர்:
25 நாள் 21 மணி 14 நிமிடம்.

சிரிப்பு வந்தது, பக்கத்து மனிசி திரும்பிப் பார்த்தா.
தவணைக்கு மறுநாள் வரும்,
தவணையைக் கட்டினால்.
மணிக்கூட்டைத் திறந்து
திகதியின் மேல் பெருவிரலை வைத்துக்கொண்டிருக்கையில்
கொண்டக்டர் நூறு ரூபாயை வாங்கிப்
பொக்கற்றில் செருகினார்.
'மிச்சம் இறங்கேக்க தாறன்.'

13 நிமிடம்.