மற்றவை

வாடை தொடங்கி மூன்றாம் கிழமை.
திருகோணமலை ஆஸ்பத்திரி, பிள்ளைகள் வாட்டு.
பதினெட்டுக் கட்டில், முப்பத்தொரு காய்ச்சல்.

ரிஸ்லானுக்கு அது ஐந்தாம் நாள்.
காய்ச்சல் விட்டிருந்தது.
கிண்ணியாவுக்குத் திரும்ப
வாப்பா வாசலில் ஓட்டோவைக்கூட நிறுத்தி வைத்திருந்தார்.
திரை சொன்னது:
வீட்டுக்கு அனுப்பலாம். தொண்ணூற்றொரு வீதம்.

நான் அதைக் கேலி செய்கிறவள் இல்லை.
வெளிநோயாளர் பிரிவில் நின்ற மாதம்
துறைமுகத்துக் கிரேன்காரர் ஒருவரின் நெஞ்செரிவை
வாய்வு என்று நான் எழுத
இதயம் என்றது அது.
இதயம்தான்.
சந்தையில் கண்டால் இப்போதும் அவர் சிரிக்கிறார்.
நான் கத்தரிக்காயைத் தெரிந்துகொண்டு நிற்பேன்.

ஆனால் அன்று
வளவுக்குள் ஒரு புள்ளிமான் வந்து
யன்னலோரம் நின்று
யாரோ எறிந்த லஞ்ச்சீட்டை மென்றது.
முழு வாட்டும் எட்டிப் பார்த்தது,
சேலைன் ஏறுகிற கைகளைத் தூக்கிக்கொண்டு.
ரிஸ்லான் திரும்பவில்லை.

ஒன்பது வயது.

"இன்றைக்கு இருக்கட்டும்" என்றேன்.
ஓட்டோ வெறுமனே போனது.
அந்தக் கட்டிலுக்குக் காத்திருந்த
சம்பூர் யோகராணியின் மகள்
இரண்டு கட்டில்களுக்கு நடுவே பாயில் படுத்தாள்.
யோகராணி விடியும்வரை நுளம்பு விரட்டிய சத்தம்
எனக்குக் கேட்டது.

இரவு ஒன்றும் நடக்கவில்லை.
மணிக்கொரு தரம் போய் அவன் பாதத்தைத் தொட்டேன்.
சூடாகவே இருந்தது.
காலையில் தேத்தண்ணி கேட்டான், பால் போட்டு.

அனுப்பியிருந்தால்
இதே தேத்தண்ணியை வீட்டில் கேட்டிருப்பானோ?
யாரிடம் விசாரிப்பது.
நடக்காத சாவுக்கு
உடலும் இல்லை, சாட்சியும் இல்லை.

திரை விடவில்லை.
பரிந்துரையை ஏற்காத காரணம்?
குருதிச் சிறுதட்டு. குருதியமுக்கம். சிறுநீர் அளவு.
வீடு தூரம்.
மற்றவை.

மற்றவையைத் தொட்டேன்.
ஒரு சின்னப் பெட்டி திறந்து
கோடு ஒன்று துடித்தது.
பிள்ளை மானைப் பார்க்கவில்லை என்று அடித்தேன்.
அழித்தேன்.
பதினோரு வருடம், எத்தனை ஆயிரம் காய்ச்சல்,
எழுத வந்தால் இவ்வளவுதானா?
திரும்பவும் அதையே அடித்துவிட்டு
அனுப்பினேன்.
படித்துக்கொள்ளட்டும், அல்லது சிரிக்கட்டும்.

கட்டில் யோகராணியின் மகளுக்கு வந்தது.
நான்காம் நாள், அவள் முறை.
திரை அறுபத்திரண்டு என்றது.
நான் கதிரையை யன்னலோரம் இழுத்துப் போட்டு
அவளையும் வளவையும் மாறி மாறிப் பார்த்தேன்.

மான் வரவில்லை.